சிறைப்பட்டோரின் நண்பர் ஜான் ஹவர்டு

ஒருவன்மீது திருட்டுக் குற்றம் சாட்டப்படுகின்றது. அவன் பல திங்கள் சிறையிற் கிடக்கின்றான். பின்னர் நீதிமன்றத்தில் நிறுத்தப்பட்டுக் குற்றமற்றவன் எனத் தீர்ப்பும் பெறுகின்றான். அக்கணமே அவன் தன் மனைவி மக்களிடம் ஓடிச் செல்வான் என்றுதான் நாம் எண்ணுவோம். பதினெட்டாம் நூற்றாண்டின் இங்கிலாந்திலோ அவன் மீண்டும் சிறைக்கே இழுத்துச் செல்லப்பட்டான். ஜெயிலருக்குரிய கட்டணத்தைச் செலுத்தினாலன்றி அவனுக்கு விடுதலை இல்லை. பெட்போர்டு நகரத்துச் சிறையில் அக்கட்டணம் 15 ஷில்லிங் 4 பென்ஸ். கதவு திறந்துவிடும் ஏவலாளனுக்கு மேலும் 2 ஷில்லிங். வெளியே இருந்து நாள்தோறும் பாடுபடும் கூலியாளே இரண்டு மூன்று கிழமை உழைத்தாலன்றி அத்தொகையைக் காணான். உள்ளே அடைபட்டுக் கிடப்பவன் அதனை ஈட்டுவது எங்ஙனம்? ஆதலால் நீதிபதி விடுவித்த மனிதனை ஜெயிலர் விடுவிக்கவில்லை. இஃது அந்நாட்டில் நெடுங்கால வழக்கமாயிருந்தது. கற்றோரும் செல்வரும் குருமாரும் அதனை அறிந்திருந்தும் பெரும்பாலோர் வியப்புற்றதாகத் தெரியவில்லை. அதனைக் கண்டு வியப்புற்றவர், வியந்ததோடு நில்லாமல் குதிரைமீதேறிப் புறப்பட்டவர், ஜான் ஹவர்டு என்பார்.

இவர் 1726-ஆம் ஆண்டு செப்டம்பர்த் திங்களிற் பிறந்தவர். தந்தையார் லண்டனில் வணிகஞ் செய்து பெரும்பொருள் ஈட்டியவர். தாயார் இவர் சிறு குழந்தையாயிருக்கும்போதே இறந்தார். இளமையில் இவர் பெட்போர்டு மாகாணத்துக் கார்டிங்டன் என்னும் சிற்றூரில் வளர்ந்தார். கல்வியில் இவர் சிறந்து விளங்கவில்லை. பிற்காலத்தில் தம் நூல்களை அச்சிடுமுன் நண்பர் துணைகொண்டே மொழிநடையைத் திருத்தினார். மளிகை வணிகர் ஒருவரிடம் தொழில் பயிலவிடப்பட்ட இவர், 1742-இல் தந்தை இறந்ததும் பெருஞ்செல்வத்துக்கு உரியராகி, அத்தொழிலினின்றும் பணங் கொடுத்து விடுபட்டுப் பிறநாடுகளைச் சுற்றிப் பார்த்தார். ஒரு சமயம் நோயுற்றுக் கிடந்தபோது தம்மைப் பேணிய வீட்டுக்கார அம்மையை, அவர் தம்மினும் ஏறத்தாழ இருமடங்கு வயதினர் என்பதையும் பொருட்படுத்தாது மணந்து கொண்டார். ஊரார் நகைத்திருப்பர். ஆனால், செய்ந்நன்றி என்பது ஹவர்டுக்கு வாய்ச்சொல் அன்று. அவ்வம்மையார் 1755-இல் இறந்தார்.

அவ்வாண்டு நவம்பரில் லிஸ்பன் மாநகரம் நிலநடுக்கத்தால் அழிந்தது. அதனைக் காணவேண்டுமென்று ஹவர்டு கப்பலேறினார். வழியிற் பிரெஞ்சுக்காரர் அக்கப்பலைப் பிடித்துக் கொண்டனர். நாற்பது மணிநேரம் உணவும் நீருமின்றி வாடியபின், பிரெஸ்டு கோட்டையின் நிலவறையில் மற்றையோருடன் அடைக்கப்பட்டார். ஆறு இரவு வைக்கோலின்மீது கிடந்தார். வெட்டுதற்குக் கத்தியும் இன்றி ஆட்டுத்தொடை ஒன்று உள்ளே எறியப்பட, அனைவரும் அதனை விலங்கினம் போற் கடித்துண்டனர். பின்னர்க் கைதி மாற்றத்தால் விடுதலை பெற்று இங்கிலாந்து திரும்பியதும், தம் நண்பர் வாழ்த்துகளை ஏற்குமுன், உடனிருந்த கைதிகளின் நிலையை அரசாங்கத்தாருக்கு அறிவித்து அவர்தம் துயர் தணிய வழி தேடினார். எனினும், இந்நிகழ்ச்சியினால் அவர் உடனே சிறைத் தொண்டில் இறங்கினார் என்று எண்ணலாகாது. பதினேழு ஆண்டுகள் அவ்விதை மண்ணுள் உறங்கியது.

அவ்வாண்டுகளில் அவர் கார்டிங்டன் ஊரின் நிலக்கிழாராய் வாழ்ந்தார். 1758-இல் ஹென்றியெட்டா லீட்ஸ் என்னும் நங்கையை மணந்தார். இருவருமாகச் சேர்ந்து குடியானவருக்கு நல்ல வீடுகள் கட்டினர். சிறுவர்க்குப் பள்ளிகள் அமைத்தனர். ஒரு வருடக் கணக்கில் மிஞ்சிய பொருளைக்கொண்டு லண்டனுக்கு உல்லாசப் பயணம் போகலாமா என்று கணவர் வினவ, அப்பொருளால் ஓர் ஏழைக் குடும்பத்துக்கு வீடு கட்டலாமே என்று மனைவியார் விடையளித்ததாகக் கூறுவர். 1765-இல் ஓர் ஆண்மகவைப் பெற்ற சில நாட்களுள் அவ்வம்மையார் இறந்தார். அக்குழந்தையைப் பற்றிப் பின்னர்க் கூறுவேன்.

1773-இல் ஹவர்டு பெட்போர்டு மாகாணத்தின் ஷெரீப்பாக நியமிக்கப்பெற்றார். அவர் இங்கிலாந்தின் அரசாங்கத் திருச்சபையைச் சேராதவர். அத்தகையோர் அப்பதவியை ஏற்பின் தண்டனைக்கு உள்ளாக்கச் சட்டம் இடந்தந்தது. அஃது அறிந்தும் அவர் ஏற்றார். வழக்குத் தொடுக்க எவரும் முன்வரவில்லை. அக்காலத்து ஷெரீப்புகள் ஊர்வலத்தில் வாளேந்திச் செல்வதும் விருந்தளிப்பதுமாகத் தம் ஓராண்டைக் கழிப்பர். சிறையும் தம் பொறுப்பென்று சட்டத்தில் இருப்பதைக் கண்ட ஹவர்டு, சிறைக்குள்ளேயே சென்றார்.

அச்சிறையை நம் கிறிஸ்தவ வாசகர் முன்னரே அறிவர். ஜான் பனியன் தம் மனச்சாட்சிக்காக 1660 முதல் பன்னீராண்டு அடைபட்டுக் கிடந்தது பெட்போர்டுச் சிறையிலேதான். அப்பெரியார் இயற்றிய மோட்சப் பிரயாணத்தைத் தழுவியே நம் எச். ஏ. கிருஷ்ண பிள்ளை இரட்சணிய யாத்திரிகம் என்னும் காப்பியத்தைத் தமிழுக்கு அளித்தார். பனியன் வெளிவந்து நூறாண்டு கழிந்தும் அச்சிறையில் நிகழ்ந்த மாறுதல் மிகச் சிறிதே.

கட்டணத்துக்காக விடுதலையாகாது கிடந்தோரைக் கண்ட ஹவர்டு, ஜெயிலருக்கு மாகாணச் செலவில் சம்பளங் கொடுத்துவிட்டால் இக்கட்டணமே வேண்டாவே என்று நீதிபதிகளிடம் கூறினார். அவர்கள் நல்லவர்களே. ஆயினும், வேறெந்த மாகாணத்திலேனும் அங்ஙனம் செய்த முன்மாதிரி உண்டா என்று வினவினர். எக்காலத்தும் அலுவலகங்களிற் கேட்கப்படும் கேள்வியன்றோ இது! அக்கேள்வி கேட்டவர்கள் அதனோடு பேச்சு முடிந்ததென்றே எண்ணியிருப்பர். ஹவர்டோ அதனை உண்மையான கேள்வியாகவே எடுத்துக்கொண்டு, விடை தேடி அண்டை மாகாணங்களுக்குக் குதிரையிற் சென்றார். ஒரு மாகாணத்திலும் முன்மாதிரி இல்லை. ஆனால், ஒவ்வொரு சிறையிலும் முன்னதனினும் கொடிய காட்சி இருந்தது. பயணம் நீண்டது, ஓராண்டுக்குள் இங்கிலாந்தின் பெரும்பாலான சிறைகளை அவர் கண்டுவிட்டார்.

அவர் கண்டவற்றுட் சிலவற்றை ஈண்டுக் குறிப்பிடுதல் வேண்டும். பிளிமத் நகரில் ஓர் அறை 17 அடி நீளம், 8 அடி அகலம், ஐந்தரை அடி உயரம். நிமிர்ந்து நிற்கவும் இயலாது. காற்று வருதற்குக் கதவில் 7 அங்குலத்துக்கு 5 அங்குலமாக ஒரு துளை மாத்திரம் உண்டு. நாடு கடத்தத் தீர்ப்புப் பெற்ற மூவர் ஏறத்தாழ இரண்டு திங்கள் அதனுள் இருந்து, முறைவைத்து ஒருவர் பின் ஒருவராக அத்துளையில் மூக்கை வைத்து மூச்சு வாங்கினர். நேர்ஸ்பரோவிற் கடனாளிகளை அடைக்கும் அறையின் ஊடே மூடப்படாத சாக்கடை ஓடியது. எலி முதலியவற்றிற்கு அஞ்சி நாயொன்றை உடன்கொண்டு சென்ற ஒருவரின் நாயை அவை கொன்று, அவர் முகத்தையும் சிதைத்தன. ஈலி நகரத்துச் சிறை அவ்வூர் அத்தியட்சருக்குச் சொந்தமானது. சுவர் உறுதியற்றிருந்தமையால், கைதிகள் தப்பாதவாறு முற்காலத்தில் அவர்களைத் தரையில் மல்லாத்திச் சங்கிலியிட்டு, கழுத்தில் முள்வைத்த இரும்பு வளையமும் கால்மேற் பளுவான இரும்புக் கட்டையும் பூட்டி வைத்தனர் என்று ஹவர்டு அறிந்தார். சிலுவை பொறித்த இல்லத்துக்கு உரியவரின் சிறையில் இது நடந்தது என்பதை எழுதும்போது என் கை கூசுகின்றது. ஆனால், ஹவர்டு அதனை மறைக்கவில்லை. யானும் மறைப்பது முறையன்று.

இவற்றினும் கொடியது சிறைக்காய்ச்சல். அழுக்கிலும் நெருக்கத்திலும் பேன் வழியாகப் பரவும் நோய் அது என்பதை இன்று அறிவோம். அக்காலத்தார் கெட்ட காற்றே காரணம் என்றனர். சாளரங்களுக்கு வரி விதித்திருந்தமையால், அவ்வரியைத் தம் பையிலிருந்து கொடுக்க மனமில்லாத ஜெயிலர்கள் சாளரங்களை அடைத்துவிட்டனர். தூக்கிலிடப்பட்டோரினும் இக்காய்ச்சலால் மாண்டோரே மிகுதி என ஹவர்டு துணிந்து கூறினார். அந்நோய் கைதிகளோடு நிற்கவும் இல்லை. 1750-இல் லண்டன் ஓல்டு பெய்லி நீதிமன்றத்தில் விசாரணைக்கு வந்த கைதிகளிடமிருந்து பரவி, நகர மேயரையும் நீதிபதிகள் இருவரையும் இன்னும் பலரையும் கொண்டு சென்றது. அதன் பின்னரும் சிறைகள் பெரும்பாலும் துப்புரவாகவில்லை. நீதிபதிகள் மணமுள்ள பூண்டுகளை முகர்ந்துகொண்டு வீற்றிருந்தனர்.

இத்தகைய இடங்களுக்கு ஹவர்டு விடியற்காலையிற் சென்றார். ஜெயிலர்களே சில அறைகளுள் உடன்வர மறுத்தபோது தாம் தனியே நுழைந்தார். அறையை அளந்தார், ரொட்டியை நிறுத்தார், விலங்கின் எடையையும் படுக்கை வைக்கோலின் நிலையையும் குறித்துக்கொண்டார். அவருடைய ஆடையிற் பற்றிய நாற்றத்தால் மூடுவண்டியில் அமர இயலாது, மழையிலும் பனியிலும் குதிரைமீதே சென்றார். குறிப்பேட்டின் தாள்களையும் நெருப்பின் முன் விரித்துக் காய்ச்சிய பின்னரே படிக்க முடிந்தது. ஊனும் மதுவும் உண்ணாது, பாலும் தேநீரும் ரொட்டியும் கனியுமே உண்டு வாழ்ந்தார். அவர் பெரிய நாவலர் அல்லர். கண்ணீர் வரப் பேசும் ஆற்றல் அவரிடம் இல்லை. அவர் எழுதியவை பெரும்பாலும் அடி, அங்குலம், அவுன்ஸ், பென்னி என்னும் கணக்குகளே. ஆயினும், உருக்கமாக எழுதியிருந்தால் மறுத்திருக்கக்கூடியவர்களும் கணக்கை மறுக்க இயலவில்லை. என் எண்ணத்தில் ஹவர்டின் சிறப்பு அவருடைய இரக்கத்தினும் அவ்விரக்கம் கைக்கொண்ட அளவுகோலிலேயே உள்ளது. இரங்கினோர் அவர்க்கு முன்னரும் உண்டு; அளந்தோர் அரியர்.

1774 மார்ச்சுத் திங்களில் அவர் பார்லிமெண்டின் பொதுச்சபை முன் சாட்சியம் அளித்தார். யாருடைய செலவில் இவ்வளவு தூரம் பயணஞ் செய்தீர் என்று ஓர் உறுப்பினர் வினவினாராம். ஒருவன் தன் சொந்தப் பணத்தைச் செலவிட்டுச் சிறைதோறும் திரிவான் என்பது அவர்க்கு விளங்கவில்லை போலும். சபையார் ஹவர்டுக்கு நன்றி செலுத்தினர். அவ்வாண்டிலேயே இரு சட்டங்கள் நிறைவேறின. ஒன்று, குற்றமற்றோரெனத் தீர்ப்புப் பெற்றோரை எக்கட்டணமுமின்றி அப்போதே விடுவிக்கச் செய்தது. மற்றொன்று, சிறைச்சுவர்களுக்கு ஆண்டுதோறும் வெள்ளையடிக்கவும், காற்றோட்டம் அமைக்கவும், நோயுற்றோர்க்குத் தனியறையும் வைத்தியரும் ஏற்படுத்தவும் கட்டளையிட்டது. சட்டம் செய்வதோடு கடன் முடிந்தது என்பார் பலர். ஹவர்டு அச்சட்டங்களைத் தம் செலவில் அச்சிட்டு ஒவ்வொரு சிறைக்கும் அனுப்பினார். பின்னர் அவை நடைபெறுகின்றனவா என்று பார்க்க மீண்டும் புறப்பட்டார். பல இடங்களில் நடைபெறவில்லை. அதே ஆண்டில் பார்லிமெண்டுத் தேர்தலில் நின்று நான்கு வாக்குகளால் தோற்றார். வென்றிருப்பின் ஒரு நாற்காலியில் அமர்ந்திருப்பார். தோற்றமையால் ஐரோப்பா முழுவதும் சுற்றினார்.

பிரான்சு, ஹாலந்து, ஜெர்மனி ஆகிய நாடுகளின் சிறைகளை இங்கிலாந்தின் சிறைகளோடு ஒப்பிட்டு 1777-இல் அவர் வெளியிட்ட நூலே அவர் புகழுக்கு அடிப்படை. அந்நூலின்படி இங்கிலாந்திலும் வேல்ஸிலும் சிறைப்பட்டிருந்தோர் 4,084 பேர். அவருள் 2,437 பேர் கடனாளிகள். பெருங்குற்றவாளிகள் 994 பேரே. எஞ்சிய 653 பேர் சிறு குற்றம் புரிந்தோர். சிறை என்பது கள்வரும் கொலைஞரும் நிறைந்த இடம் என்று நம்பியிருந்த மக்களுக்கு, அங்கு இருந்தோரிற் பாதிக்கு மேற்பட்டோர் கடன் செலுத்த இயலாத ஏழைகள் என்பதை அவ்வெண்கள் காட்டின. ஹாலந்திலோ கடனாளிகள் சிலரே, கைதிகள் தொழில் செய்தனர், இடம் தூய்மையாயிருந்தது. தம் நாட்டைப் பிறநாட்டோடு ஒப்பிட்டுத் தம் நாடு தாழ்ந்தது என எழுதுவதற்கு ஒரு துணிவு வேண்டும். பாரிஸ் நகரத்துப் பாஸ்டிலைக் காண அவர் செய்த முயற்சி மட்டும் பலிக்கவில்லை. காவலரைக் கடந்து சிறிது தூரம் சென்று, பின்னர் வெளியேற்றப்பட்டார். அச்சிறையைப் பற்றித் தடைசெய்யப்பட்டிருந்த சிறுநூல் ஒன்றைத் தேடிப் பெற்று ஆங்கிலத்தில் வெளியிட்டார்.

மணிமேகலைக் காப்பியத்தில் சிறைக்கோட்டம் அறக்கோட்டமாகும் காதையை நம் வகுப்பிற் படித்திருக்கின்றோம். மணிமேகலை வேண்ட, சோழவேந்தன் இசைய, ஒரு காதைக்குள் அவ்வரிய செயல் நிறைவேறி விடுகின்றது. காப்பிய உலகின் வசதி அது. இங்கிலாந்தில் அங்ஙனம் நிகழவில்லை. அமெரிக்கக் குடியேற்ற நாடுகளோடு போர் மூண்டதனால் கைதிகளை அங்கு ஏற்றுமதி செய்தல் நின்றது. 1776 முதல் தேம்சு நதியில் நின்ற பழங்கப்பல்களில் அவர்களை அடைத்தனர். 1779-இல், சட்ட அறிஞர் பிளாக்ஸ்டன் முதலியோர் ஹவர்டின் துணைகொண்டு ஒரு சட்டம் வகுத்தனர். அதன்படி கைதிகள் இரவில் தனித்தனி அறையில் உறங்கவும், பகலிற் பயனுள்ள தொழில் செய்யவும், சமய போதனை பெறவும் புதிய சிறைகள் எழும்ப வேண்டும். மேற்பார்வையாளர் மூவருள் ஹவர்டும் ஒருவர். எந்த இடத்திற் கட்டுவது என்பதிலேயே மூவரும் மாறுபட்டனர். தம் பக்கம் நின்ற நண்பர் பாதர்கில் இறந்ததும், 1781-இல் ஹவர்டு அப்பொறுப்பை விட்டு விலகினார். அவர் நினைத்த சிறை அவர் வாழ்நாளில் எழவேயில்லை.

இங்கு ஒன்று கூறாது செல்லல் நேர்மையாகாது. இரவிலே தனியறை வேண்டுமென்றது, நெருக்கத்தால் வரும் நோயையும் தீயோர் கூட்டுறவால் வரும் கேட்டையும் தடுத்தற்கே. இடைவிடாத் தனிமையை அவர் விரும்பவில்லை. ஆனால், பின்வந்தோர் அத்தனியறையை மாத்திரம் பற்றிக்கொண்டனர். 1842-இல் திறக்கப்பட்ட பெண்டன்வில் சிறையில் கைதிகள் இரவும் பகலும் தனித்து வைக்கப்பட்டனர். வெளியே நடக்கும்போதும் முகமூடி அணிந்தனர். சிலர் அறிவு கலங்கினர். நாற்றமும் காய்ச்சலும் ஒழிந்த இடத்தில் மௌனம் ஒரு புதிய துன்பமாயிற்று. இதற்கு ஹவர்டைப் பழிப்பது தகாது என்பது என் கருத்து. எனினும், தனியறை என்னும் அவர் கருத்தே பின்னர் அங்ஙனம் திரிந்தது என்பதையும் மறத்தற்கில்லை.

இனி அம்மகனைப் பற்றிக் கூறுவேன். தாயற்ற அக்குழந்தையை ஹவர்டு மிகுந்த கண்டிப்புடன் வளர்த்தார். அழும்போது அடித்தலும் அதட்டலும் இல்லை. அழுகை ஓயும்வரை பேசாது மடியில் இருத்தி வைத்திருப்பார் எனக் கூறுவர். பின்னர் அவன் பள்ளிகளிலும் பிறர் இல்லங்களிலும் வளர்ந்தான். தந்தை சிறைகளைக் காண ருஷியாவிலும் இத்தாலியிலும் ஸ்பெயினிலும் திரிந்த ஆண்டுகளில், அவன் எங்கள் வயதினனாய்க் கேம்பிரிட்ஜிற் பயின்று, தீய நண்பர் சேர்க்கையில் வீழ்ந்தான். ஹவர்டு அவனிடம் அன்பில்லாதவர் அல்லர். ஆயினும், ஐரோப்பாவின் கைதி ஒவ்வொருவன் அறையிலும் நுழைந்து அவன் குறை கேட்ட அம்மனிதர், தம் மகனின் அறைக்கதவைப் போதிய அளவு தட்டவில்லை என்றே எனக்குத் தோன்றுகின்றது. அவர் இறந்தபின் அவரைக் கொடிய தந்தை எனச் சிலர் தூற்றினர். அவருடைய நண்பரும் வாழ்க்கை வரலாறு எழுதியவருமான மருத்துவர் எய்க்கின் முதலியோர் அப்பழியை மறுத்தனர். தூற்றினோர் பக்கம் யான் இல்லை. ஆனால், மறுத்தோரின் விடையும் என் உள்ளத்தை முற்றும் ஆற்றவில்லை.

1785-இன் இறுதியில் ஹவர்டு வேறொரு பணியை மேற்கொண்டார். கொள்ளைநோய் பரவாதபடி கப்பற் பயணிகளை அடைத்து வைக்கும் குவாரண்டைன் விடுதிகள் எவ்வாறு நடைபெறுகின்றன என அறிய விரும்பினார். பிரெஞ்சு அரசாங்கம் அவர்மீது சினங்கொண்டிருந்தமையால் மருத்துவர் போல வேடந்தாங்கி மார்செல்ஸ் துறைமுகத்தைக் கண்டார். மால்டா, ஸ்மிர்னா, கான்ஸ்டாண்டிநோபிள் ஆகிய இடங்களுக்குச் சென்றார். வெளியே நின்று பார்ப்பது போதாது எனக் கருதி, நோயுள்ள துறையிலிருந்து புறப்படும் கப்பலை வேண்டுமென்றே தேர்ந்தெடுத்து ஸ்மிர்னாவினின்றும் வெனிஸுக்குப் பயணமானார். வழியிற் கடற்கொள்ளையர் தாக்கினர். மாலுமிகள் பீரங்கியால் அவர்களை விரட்டினர். வெனிஸ் விடுதியில் அவருக்குக் கிடைத்த அறையின் சுவர்கள் பல்லாண்டு அழுக்கேறி நாறின. கழுவியும் பயனில்லை. நோயுற்று உணவு செல்லாத நிலையில், சுண்ணாம்பு வருவித்து வெள்ளையடிக்கச் செய்தார். அன்றே நாற்றம் நீங்கிற்று, பசியும் எடுத்தது. பன்னிரண்டு ஆண்டுகளுக்கு முன் அவர் முயற்சியால் சட்டமாகிய அதே வெள்ளைச்சுண்ணாம்பு இப்போது அவரையே காத்தது.

அவ்வெனிஸ் நகரில் 1786-இல் இரண்டு செய்திகள் அவருக்கு எட்டின. தமக்குச் சிலை எடுக்க இங்கிலாந்தில் ஆயிரம் பவுனுக்கு மேற் பணம் திரட்டிவிட்டனர் என்பது ஒன்று. தம் மகனுக்குச் சித்தம் கலங்கிவிட்டது என்பது மற்றொன்று. சிலை வேண்டாம் என்று வருந்தி எழுதி அம்முயற்சியை நிறுத்தச் செய்தார். 1787-இல் வீடு திரும்பினார். மகன் தேறவில்லை, இறுதியில் லெஸ்டர் நகரத்துப் பித்தர் விடுதியில் அவனை விடவேண்டியதாயிற்று. அவர் அதன்பின்னும் இங்கிலாந்து, ஸ்காத்லாந்து, அயர்லாந்து ஆகியவற்றின் சிறைகளை மறுபடியும் பார்வையிட்டு, 1789-இல் தம் இரண்டாம் பெருநூலை வெளியிட்டார். உடனே மீண்டும் புறப்பட்டார். இம்முறை வீட்டில் அவருக்காகக் காத்திருப்போர் எவரும் இல்லை.

அவர் சென்றது ருஷியாவுக்கு. துருக்கியரோடு நிகழ்ந்த போரில் ருஷியப் படைவீரர் பட்ட துன்பத்தைக் கேட்டுக் கருங்கடற் பகுதியிலுள்ள கெர்சன் நகரை அடைந்தார். அங்கு மருத்துவச்சாலைகளில் வீரர்கள் கவனிப்பாரின்றி மாண்டுகொண்டிருந்தனர். அவருக்கு மருந்து கொடுக்கும் பழக்கம் இருந்தமையால், நகருக்குப் பல மைல் தொலைவிற் காய்ச்சலுற்றுக் கிடந்த ஓர் இளநங்கையைப் பார்க்குமாறு வேண்டினர். மழையிலும் குளிரிலும் குதிரையிற் சென்றார். நங்கையும் இறந்தாள், அக்காய்ச்சல் அவரையும் பற்றியது. 1790 ஜனவரி 20-ஆம் நாள் தம் அறுபத்து மூன்றாம் வயதில் ஹவர்டு உயிர் நீத்தார். அதுவரை அவர் கடந்த வழி ஏறத்தாழ 42,000 மைல் என்றும், செலவிட்ட சொந்தப் பொருள் 30,000 பவுன் என்றும் கணக்கிட்டிருக்கின்றனர்.

ஆடம்பரம் வேண்டாம், கல்வெட்டு வேண்டாம், கல்லறைமீது நேரங்காட்டும் நிழற்கடிகை ஒன்றை வைத்துத் தம்மை மறந்துவிடுங்கள் என்பதே அவருடைய இறுதி விருப்பம். அவ்விருப்பம் நிறைவேறவில்லை. அடக்கத்துக்கே பெருங்கூட்டம் திரண்டது. லண்டன் தூய பவுல் பேராலயத்தில் முதன்முதல் வைக்கப்பெற்ற சிலை 1796-இல் எழுந்த ஹவர்டின் சிலையே. உரோமர் உடையுடுத்து, ஒரு கையில் திறவுகோலும் மற்றொரு கையில் சுருளும் ஏந்தி, காலடியில் விலங்குகள் கிடக்க நிற்கின்றார். நாற்றம் பற்றிய கோட்டும் குறிப்பேடும் அச்சிற்பிக்குத் தோன்றவில்லை.

அச்சிலை நிறுவப்பெற்று மூன்றாண்டு கழிந்து, 1799-இல், லெஸ்டர் விடுதியில் அவருடைய மகன் இறந்தான். அவனுக்கு அப்போது வயது முப்பத்து நான்கு.